ஃபைல் எங்கள் கையில் இருக்கட்டும்: வலைச் செயலி எழுதுபவர்களுக்கு ஒரு திறந்த மடல்

சென்னை, கோவை, பெங்களூர் என்று பல ஊர்களிலிருந்து, பிரவுசரில் ஓடும் வலைச் செயலிகளை எழுதிவரும் பொறியாளர்களுக்கும், அந்தச் செயலிகள் எப்படி இருக்க வேண்டும் என்று முடிவெடுப்பவர்களுக்கும்,

வணக்கம்.

திருநெல்வேலியில் கடைகள், அச்சகங்கள், ஆடிட்டர் அலுவலகங்களுக்குக் கணினி சர்வீஸ் செய்கிறேன். காலையில் கடை திறந்ததிலிருந்து இரவு ஷட்டர் இறக்கும் வரை உங்கள் செயலியைத் திறந்து வைத்திருப்பவர்கள்தான் என் வாடிக்கையாளர்கள். அவர்கள் சார்பில் ஒரு கோரிக்கை வைக்கிறேன். உங்கள் செயலியில் நாங்கள் தட்டும் கணக்கும் கடிதமும் படமும் எங்கள் கணினியிலேயே ஒரு முழு ஃபைலாக இருக்க வேண்டும். உங்கள் சர்வரில் அதற்கு ஒரு நகல் இருக்கட்டும், பத்து நகல்கூட இருக்கட்டும். மூலம் எங்களிடம் இருக்க வேண்டும்.

டெஸ்க்டாப் காலத்துக்கே திரும்பிப் போங்கள் என்று நான் சொல்லவில்லை. அந்தக் காலம் எவ்வளவு சிரமமானது என்று எனக்கு நன்றாகத் தெரியும். ஆபீஸில் ஆறு கணினி இருந்தால் ஆறிலும் தனித்தனியாக சிடி போட்டு இன்ஸ்டால் செய்ய வேண்டும். ஒன்றில் ஓடும், அடுத்ததில் நிரலுக்குத் தேவையான ஏதோ ஒரு டிஎல்எல் ஃபைல் இல்லை என்று நிற்கும். பென் டிரைவில் ஃபைலோடு வைரஸும் சேர்ந்து வரும். ஹார்ட் டிஸ்க் போய்விட்டால், பேக்கப் எடுக்காதவரின் கணக்கு மொத்தமும் அதோடு போய்விடும். 2025 செப்டம்பர் 22 அன்று ஜிஎஸ்டி விகிதங்கள் மாறியபோது, வலைச் செயலியில் பில் போடும் கடைகளில் எனக்குப் பெரிதாக வேலையே இல்லை. பழைய டெஸ்க்டாப் பில்லிங் வைத்திருந்த கடைகளுக்குத்தான் ஒவ்வொன்றாக ஏறி இறங்கினேன். வலைச் செயலிகள் இவ்வளவு தூரம் பரவியதற்குக் காரணம் இருக்கிறது, அது நியாயமான காரணம்.

ஆனால் அந்த மாற்றத்தில் எங்கள் ஃபைல் எங்களை விட்டுப் போய்விட்டது. அது எப்படிப் போனது என்று கொஞ்சம் பின்னால் போய்ப் பார்த்தால்தான் நான் கேட்பது ஏன் என்று புரியும்.

1979-இல் டான் பிரிக்லினும் பாப் ஃபிராங்ஸ்டனும் ஆப்பிள் 2 கணினிக்கு விசிகால்க் என்ற விரிதாளை, அதாவது கட்டம் கட்டமாகக் கணக்குப் போடும் நிரலை, கொண்டுவந்தார்கள். நிரல் ஒரு ஃபிளாப்பியில் இருந்து ஓடும், போட்ட கணக்கை உங்கள் சொந்த ஃபிளாப்பியில் சேமித்துக்கொள்ளலாம். 1981-இல் ஐபிஎம் பிசிக்காக வந்த விசிகால்க்கை பிரிக்லின் தன் வலைத்தளத்தில் இறக்கிக்கொள்ளக் கொடுத்தார். 30 கிலோபைட்கூட வராத அந்த நிரல், பழைய டாஸ் நிரல்களை ஓட்டும் எமுலேட்டரில் இன்றைக்கும் ஓடும். 1983-இல் லோட்டஸ் 1-2-3 என்ற விரிதாள் வந்தது, அப்புறம் எக்செல் வந்தது. லோட்டஸின் ஃபைலை எக்செல் திறந்து படித்தது. அதனால்தான் லோட்டஸில் வருடக்கணக்காக உழைத்தவர்கள் எல்லாவற்றையும் முதலிலிருந்து தட்டாமல் எக்செலுக்கு வர முடிந்தது. ஃபைல் கையில் இருந்ததால், பிடிக்காத மென்பொருளை விட்டுப் போகும் உரிமையும் கையில் இருந்தது.

தமிழில் வேலை செய்பவர்களுக்கு இது இன்னும் நெருக்கமான விஷயம். நம் ஊர் அச்சகங்கள் பலவற்றில் பக்கம் வடிவமைக்க இன்றும் பேஜ்மேக்கர்தான். 1985-இல் ஆல்டஸ் நிறுவனம் கொண்டுவந்து, 1994-இல் அடோபியின் கைக்குப் போய், 2001-இல் 7.0 பதிப்போடு நின்றுபோன மென்பொருள் அது. எல்லா மொழி எழுத்துக்கும் பொதுவான எண் கொடுக்கும் யூனிகோடு அதற்குத் தெரியாது. அதனால் கல்யாணப் பத்திரிகையும் கோயில் கொடை நோட்டீஸும் வானவில், பாமினி என்று அந்தந்த எழுத்துருவின் சொந்தக் குறியீட்டிலேயே தட்டப்படுகின்றன. அந்த எழுத்துரு இல்லாத கணினியில் திறந்தால், மாப்பிள்ளை பெயர் இருக்க வேண்டிய இடத்தில் ஆங்கில எழுத்தும் அடைப்புக்குறியும் கமாவுமாகச் சிதறிக் கிடக்கும். 1990-களில் ஆளாளுக்கு ஒரு குறியீடு வைத்திருந்தோம். 1999-இல் தமிழக அரசு டாம், டாப் என்று இரண்டைத் தரப்படுத்தியது. இணையத்தில் திஸ்கி என்ற இன்னொரு குறியீடு புழங்கியது. யூனிகோடு ஊன்றிய பிறகுதான் இந்தக் குழப்பம் தணிந்தது.

இவ்வளவு குழப்பத்திலும் அந்த எழுத்து அழியவில்லை என்பதைக் கவனியுங்கள். பைட்டுகள் நம் டிஸ்க்கில் இருந்தன. எந்தக் குறியீட்டில் எந்த எண் எந்த எழுத்து என்று கண்டுபிடித்துத் தமிழ் ஆர்வலர்கள் மாற்றிகளை எழுதினார்கள். 1998 பொங்கலன்று தொடங்கிய மதுரைத் திட்டம், சங்க இலக்கியம் முதலான நூல்களை ஆரம்பத்தில் யூனிகோடுக்கு முந்தைய குறியீடுகளில், முக்கியமாகத் திஸ்கியில், வெளியிட்டது. பிறகு அவை யூனிகோடுக்கு மாறின. அப்படி மாற்றுவதற்கு எந்த நிறுவனத்தின் அனுமதியும் தேவைப்படவில்லை. என் வாடிக்கையாளர் ஒருவர், மறைந்த தன் தந்தை பாமினியில் தட்டி வைத்திருந்த ஊர் வரலாற்றைக் கொண்டுவந்தார். அன்று மாலையே அவருக்கு அதை யூனிகோடில் கொடுத்துவிட்டேன். எழுதிய மென்பொருள் போயிருந்தது, எழுதியவரும் போயிருந்தார், ஃபைல் இருந்தது. இன்று உங்கள் செயலியில் ஒருவர் தட்டுவதை இருபது வருடம் கழித்து அவர் பிள்ளை இப்படி எடுத்துவர முடியுமா?

வலையில் இது எங்கே திரும்பியது என்று உங்களுக்குத் தெரியும், இருந்தாலும் சொல்கிறேன். வலையை உருவாக்கிய டிம் பெர்னர்ஸ்-லீ 1990-இல் நெக்ஸ்ட் கணினியில் எழுதிய முதல் பிரவுசரில் பக்கத்தைப் படிக்கவும் செய்யலாம், திருத்திச் சேமிக்கவும் செய்யலாம். பின்னால் பரவிய பிரவுசர்களில் படிப்பது மட்டும் மிஞ்சியது. 1995-இல் நெட்ஸ்கேப் என்ற பிரவுசர் நிறுவனத்தில் பிரெண்டன் ஐக், வலைப்பக்கத்துக்குள் ஓடும் நிரல்மொழியான ஜாவாஸ்கிரிப்ட்டின் முதல் வடிவத்தைப் பத்து நாளில் எழுதினார். 1999-இல் இன்டர்நெட் எக்ஸ்புளோரர் 5 வந்தபோது, பக்கத்தை மறுபடி ஏற்றாமலே சர்வரோடு பேசும் வசதி அதில் இருந்தது. மைக்ரோசாஃப்ட் தன் அவுட்லுக் அஞ்சலை வலையில் காட்டுவதற்காகச் செய்துகொண்ட வசதி அது. அதே வித்தையை வைத்து 2004 ஏப்ரல் 1 அன்று ஜிமெயில் ஒரு ஜிபி இடத்தோடு வந்தது, மறு வருடம் கூகுள் மேப்ஸ் வந்தது. 2005-இலேயே ரைட்லி என்ற எழுத்துச் செயலி வந்தது. கூகுள் அதை 2006-இல் வாங்கி கூகுள் டாக்ஸாக வளர்த்தது. சென்னையிலிருந்து அட்வென்ட்நெட், பின்னாளில் ஸோஹோ என்று பெயர் மாறிய நிறுவனம், அதே 2005-இல் ஸோஹோ ரைட்டரைக் கொண்டுவந்தது.

அந்த நாளில் இந்தச் செயலிகளை எழுதியவர்களைக் குறை சொல்ல மாட்டேன். பிரவுசருக்கு அப்போது டிஸ்க்கில் எழுதத் தெரியாது. குக்கீ என்ற நாலு கிலோபைட் துண்டை விட்டால் எங்கள் பக்கம் எதையும் வைக்க இடம் கிடையாது. ஆவணம் சர்வரில்தான் இருந்தாக வேண்டும். அந்தக் கட்டாயம் பிறகு பழக்கமாகிவிட்டது. இப்போது கூகுள் டிரைவ் ஃபோல்டரைக் கணினியில் ஒத்திசைத்தால் கூகுள் டாக்ஸ் ஆவணம் ஒரு ஃபைல் மாதிரித் தெரியும். அதை நோட்பேடில் திறந்து பாருங்கள். உள்ளே நீங்கள் எழுதிய ஒரு வரிகூட இருக்காது, சர்வரில் உள்ள ஆவணத்தின் முகவரிதான் இருக்கும். பேக்கப் எடுத்துவிட்டேன் என்று நம்பி அந்த ஃபோல்டரை அப்படியே வெளி டிஸ்க்கில் நகலெடுத்து வைத்திருப்பவர்களை நான் பார்த்துக்கொண்டே இருக்கிறேன்.

மூலம் சர்வரில் இருந்தால் என்ன நடக்கும் என்பதற்குக் கூகுளின் இரண்டு மென்பொருள்களையே பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். பல தளங்களின் புதுப் பதிவுகளை ஒரே இடத்தில் படிக்க உதவிய கூகுள் ரீடர் 2013 ஜூலை 1 அன்று நிறுத்தப்பட்டது. சந்தா பட்டியலை முன்னதாக இறக்கிக்கொள்ள வழி கொடுத்தார்கள், அதை மறுக்கவில்லை. ஆனால் அந்த நாளுக்குப் பிறகு செயலி யாருக்கும் இல்லை. படங்களை அடுக்கித் தேட உதவிய பிக்காஸா 2016-இல் நிறுத்தப்பட்டது. ஏற்கெனவே டெஸ்க்டாப் பிக்காஸாவை இன்ஸ்டால் செய்து வைத்திருந்தவர்களுக்கு அது அடுத்த நாளும் திறந்தது, அடுத்த வருடமும் திறந்தது. இங்கே ஒரு ஸ்டுடியோவில் இன்றும் அதில்தான் பழைய கல்யாண ஆல்பங்களைத் தேடுகிறார்கள்.

நிறுவனம் மூடவே வேண்டியதில்லை, எங்கோ ஒரு நாட்டின் உத்தரவு போதும். 2019 அக்டோபரில் அமெரிக்க அதிபரின் தடை உத்தரவைக் காட்டி, வெனிசுவேலாவில் உள்ள எல்லாக் கணக்குகளையும் முடக்கப்போவதாக அடோபி அறிவித்தது. அதே மாதக் கடைசியில் அனுமதி கிடைத்துத் திரும்பப் பெற்றது என்றாலும், அந்த வாரங்களில் அங்கே ஒரு வடிவமைப்பாளர் எப்படித் தூங்கியிருப்பார் என்று நினைத்துப் பாருங்கள். நம் நாட்டிலேயே, 2025 ஜூலையில் ஐரோப்பிய ஒன்றியம் விதித்த தடையைத் தொடர்ந்து நயாரா எனர்ஜி நிறுவனத்துக்கான சேவைகளை மைக்ரோசாஃப்ட் நிறுத்தியது. குஜராத்தில் பெரிய சுத்திகரிப்பு ஆலை நடத்தும் நிறுவனம் அது. டெல்லி உயர் நீதிமன்றத்துக்குப் போனார்கள், அதே மாதம் சேவை திரும்ப வந்தது. நயாராவால் நீதிமன்றம் போக முடியும். டவுன் மார்க்கெட்டில் பாத்திரக்கடை வைத்திருப்பவர் எங்கே போவார்?

பெரிய பெயர்களை விடுங்கள். எனக்குத் தெரிந்த ஒரு மருந்துக் கடை ஒரு வலைச் செயலியில் பில் போட்டு வந்தது. அதை நடத்திய நிறுவனம் தொழிலை மூடியது. மூடப்போவதாக மின்னஞ்சல் அனுப்பியிருந்தார்கள். கடைக்காரர் எல்லாவற்றுக்கும் வாட்ஸ்அப் பார்ப்பவர், மின்னஞ்சல் பக்கம் போவதே இல்லை. செயலி திறக்கவில்லை என்று என்னைக் கூப்பிட்டபோது மிஞ்சியிருந்தது பில்களின் பிடிஎஃப் மட்டும்தான். எந்த பேட்ச் மாத்திரையில் எத்தனை ஸ்டிரிப் பாக்கி, எது எந்த மாதம் காலாவதி, எந்த டிஸ்டிரிபியூட்டருக்கு எவ்வளவு தர வேண்டும் என்பதெல்லாம் பில்லில் இருக்காது. அவரும் மனைவியும் நானும் தட்டு தட்டாக எண்ணி, புதிதாக ஏற்றினோம். ஆத்திரமாக இருந்தது. அந்தக் கணக்கு ஒவ்வொரு வரியும் அவர் கை தட்டியது.

'ஏற்றுமதி வசதி கொடுத்திருக்கிறோமே' என்று நீங்கள் சொல்லலாம். ஏற்றுமதி செய்ததைத் திரும்ப உங்கள் செயலிக்குள்ளேயே ஏற்றிப் பார்த்திருக்கிறீர்களா? பெரும்பாலும் ஏறாது. அட்டவணைக்கு ஒரு சிஎஸ்வி, அதாவது கமா போட்டுப் பிரித்த வெறும் உரை ஃபைல், வரும், ஒன்றுக்கும் மற்றொன்றுக்கும் உள்ள தொடர்பு வராது. இணைத்த பில் படங்கள் வராது, யார் எப்போது திருத்தினார் என்பது வராது. நான் கேட்கும் ஃபைல் திரும்பத் திறந்தால் வேலை விட்ட இடத்திலிருந்து தொடர வேண்டும்.

இது முடியாத காரியம் இல்லை என்று என்னைவிட உங்களுக்கு நன்றாகத் தெரியும். நெட் இல்லாதபோதும் பக்கத்தைத் திறக்கும் சர்வீஸ் வொர்க்கர் முக்கியமான பிரவுசர்கள் எல்லாவற்றிலும் 2018-க்குள் வந்துவிட்டது. சி, சி++ நிரலை பிரவுசருக்குள் வேகமாக ஓட்டும் வெப் அசெம்பிளி 2017-இல் நான்கு பெரிய பிரவுசர்களிலும் வந்து, 2019 டிசம்பரில் வலைத் தரங்களை வகுக்கும் டபிள்யூ3சி அமைப்பின் தரமானது. எஸ்கியூலைட் தரவுத்தளத்தையே இப்போது பிரவுசருக்குள் ஓட்டலாம். அந்த எஸ்கியூலைட் ஃபைல் வடிவத்தை, நெடுங்காலம் பாதுகாக்க ஏற்றது என்று அமெரிக்க லைப்ரரி ஆஃப் காங்கிரஸ் பரிந்துரைப் பட்டியலில் வைத்திருக்கிறது. 2020 அக்டோபரில் குரோம் 86 வந்ததிலிருந்து, பயனர் அனுமதித்தால் அவர் டிஸ்க்கில் உள்ள ஃபைலை ஒரு வலைப்பக்கம் நேரடியாகத் திறந்து அதிலேயே சேமிக்கலாம். நிரல் எழுதும் கருவியான விஎஸ் கோடின் வலைப் பதிப்பு 2021 முதல் அப்படித்தான் உங்கள் ஃபோல்டரைத் திறக்கிறது. போட்டோபீ என்ற படத்திருத்தச் செயலி பிரவுசரில் ஓடுகிறது, ஃபோட்டோஷாப் ஃபைலைத் திறக்கிறது, படத்தை சர்வருக்கு அனுப்புவதே இல்லை. எங்கள் ஊர் ஃபிளெக்ஸ் கடைக்காரர்களுக்கு அதைச் சொல்லிக்கொடுத்திருக்கிறேன். இன்ஸ்டால் வேண்டாம், படமும் அவர்கள் மெஷினை விட்டுப் போகாது.

பலர் ஒரே நேரத்தில் எழுதுவதற்கு மூலம் சர்வரில்தான் இருக்க வேண்டும் என்ற பதிலையும் கேட்டிருக்கிறேன். அதைச் சொல்லும் நீங்களே, நிரலில் செய்யும் மாற்றங்களைப் பதிந்து வைக்கும் கிட் என்ற கருவியைத் தினமும் பயன்படுத்துகிறீர்கள். 2005-இல் லினஸ் டோர்வால்ட்ஸ் லினக்ஸ் கெர்னலுக்காக எழுதியது. அதில் ஒவ்வொருவர் லேப்டாப்பிலும் முழு வரலாறும் இருக்கிறது. ரயிலில் நெட் இல்லாமல் வேலை செய்கிறீர்கள், இறங்கியதும் சேர்த்துக்கொள்கிறீர்கள். சர்வர் உங்களுக்குச் சந்திக்கும் இடம் மட்டும்தான், அது எரிந்துபோனாலும் உங்கள் நிரல் எரியாது. உங்கள் உழைப்புக்கு நீங்கள் வைத்துக்கொண்ட இந்தப் பாதுகாப்பைத்தான் எங்கள் உழைப்புக்கும் கேட்கிறேன். கிட்டில் முரண்பாடு வந்தால் கையால் தீர்க்க வேண்டும், கடைக்காரரால் அது முடியாது என்பது உண்மைதான். அதற்காகத்தான் முரண்பாடு இல்லாமல் தானாக ஒன்றுசேரும் தரவு வடிவங்களை ஆய்வாளர்கள் 2011 வாக்கிலேயே முறைப்படுத்தினார்கள். திறமூலமாகக் கிடைக்கும் ஆட்டோமெர்ஜ், ஒய்ஜெஎஸ் போன்ற நிரல் நூலகங்கள் அந்த வழியில் வந்தவை. இங்க் அண்ட் ஸ்விட்ச் என்ற ஆய்வுக் குழு 2019-இலேயே இந்தப் பாதையை விரிவாக எழுதி வைத்தது. சரக்கு இருப்பு மாதிரி, இரண்டு பேர் ஒரே பொருளை விற்றுவிடக் கூடாது என்ற இடத்தில் சர்வர் நடுவராக இருந்தே ஆக வேண்டும், அதை ஒப்புக்கொள்கிறேன். நடுவராக இருப்பதற்கு எங்கள் பேரேடு முழுவதும் அவரிடம் மட்டும் இருக்க வேண்டியதில்லை.

வருமானம் பற்றிய பயமும் புரிகிறது. மாதக் கட்டணம் வாங்குங்கள். அப்சிடியன் என்ற குறிப்புச் செயலி எல்லாவற்றையும் பயனர் டிஸ்க்கில் சாதாரண உரை ஃபைல்களாகவே வைக்கிறது, பல கருவிகளுக்கு இடையே ஒத்திசைப்பது போன்ற கூடுதல் சேவைகளுக்குத்தான் கட்டணம் கேட்கிறது. மனம் ஒப்பி கொடுக்கிறார்கள். நம் வியாபாரிகளிடம் டேலி இவ்வளவு ஆழமாக வேரூன்றியதற்கும், கணக்கு அவர்கள் கணினியிலேயே ஒரு ஃபோல்டரில் இருப்பது ஒரு காரணம் என்பது என் அனுபவம். அந்த ஃபோல்டரை தினமும் பென் டிரைவில் எடுத்து வீட்டுக்குக் கொண்டுபோகும் முதலாளிகளை எனக்குத் தெரியும். அது அவர்களுக்குத் தரும் தைரியத்தை எந்தச் சான்றிதழாலும் தர முடியாது.

பிரவுசர் தயாரிப்பவர்களும் இதைப் படித்தால் ஒரு வார்த்தை. 2020-இலிருந்து சஃபாரி, அதைப் பயன்படுத்திய நாட்களில் ஏழு நாள் ஒரு தளத்தைத் தொடாவிட்டால் அந்தத் தளம் கணினியில் எழுதி வைத்ததை அழித்துவிடுகிறது. விளம்பரக்காரர்கள் பின்தொடர்வதைத் தடுக்கத்தான் செய்தார்கள், நோக்கம் நல்லது. முகப்புத் திரையில் சேர்த்த செயலிகளுக்கு விலக்கும் உண்டு. ஆனால் ஒரு வாரம் வேறு தளங்களை மட்டும் பார்த்துவிட்டுத் திரும்ப வரும் கடைக்காரருக்கு இதெல்லாம் எப்படித் தெரியும்? வேவு பார்க்கும் குக்கீயையும் ஒருவர் கைப்பட எழுதிய கணக்கையும் ஒரே தட்டில் வைக்காதீர்கள். டிஸ்க்கில் உள்ள ஃபைலை நேரடியாகத் திறக்கும் வசதியை ஃபயர்ஃபாக்ஸும் சஃபாரியும் பாதுகாப்புக் காரணம் சொல்லி முழுதாக ஏற்கவில்லை. அந்தக் கவலையில் நியாயம் இருக்கிறது. அதற்காக வசதியையே மறுக்காமல், பாதுகாப்பான ஒரு வழியை எல்லோரும் உட்கார்ந்து முடிவு செய்யுங்கள்.

சட்டம் வந்து எங்களைக் காப்பாற்றும் என்றும் காத்திருக்க முடியவில்லை. ஐரோப்பாவின் தரவுப் பாதுகாப்புச் சட்டமான ஜிடிபிஆர், தரவை வேறு இடத்துக்கு எடுத்துப்போகும் உரிமையை 2018 முதல் கொடுக்கிறது. நம்முடைய 2023-ஆம் ஆண்டு டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டத்தில் அந்த உரிமை இல்லை. ஆகவே இது உங்கள் கையில்தான் இருக்கிறது.

எல்லாவற்றையும் நாளைக்கே மாற்றச் சொல்லவில்லை. முதலில், உங்கள் செயலியின் முழுத் தரவையும் ஒரே ஃபைலாக எங்கள் டிஸ்க்கில் தினமும் தானாக எழுதுங்கள். அந்த ஃபைலின் அமைப்பைப் பொதுவில் எழுதி வையுங்கள், என்னைப் போன்ற ஒருவன் படித்து இன்னொரு செயலிக்கு மாற்றித் தரும் அளவுக்கு. சந்தா முடிந்தாலும் அந்த ஃபைலைத் திறந்து பார்க்கவாவது விடுங்கள். புதுக் கணக்கு எழுதுவதை நிறுத்திக்கொள்ளுங்கள், பழையதைப் பூட்டாதீர்கள். நெட் போன நேரத்தில் பில் போடுவது நிற்கக் கூடாது. ஐப்பசி மழையில் இங்கே நெட் எத்தனை தடவை போகும் என்று வந்து பார்த்தால் தெரியும், தீபாவளி வியாபாரமும் அப்போதுதான். செயலியை மூடுவதென்றால் மின்னஞ்சலோடு நிறுத்தாமல், பல மாதம் முன்பிருந்தே செயலியைத் திறந்ததும் கண்ணில் படும்படி, தமிழில், சொல்லுங்கள்.

இதில் ஏதாவது ஒன்றை எழுதிச் சோதிக்க நினைத்தால் எங்கள் ஊருக்கு வாருங்கள். நாலு ஜிபி ராம் உள்ள பழைய மெஷின் இருக்கிறது. குரோம் 109-க்கு மேல் ஏறாத விண்டோஸ் 7 இருக்கிறது. டவர் மாறி மாறி எடுக்கும் ஹாட்ஸ்பாட் இருக்கிறது. அந்த மருந்துக் கடைக்காரரிடம் பேசிவிட்டேன். இரண்டு கவுன்டரில் ஒன்றை உங்கள் சோதனைக்குத் தரத் தயார் என்கிறார். ஞாயிறு மதியத்துக்கு மேல் கூட்டம் இருக்காது.

இப்படிக்கு,
திருநெல்வேலியில் கணினி சர்வீஸ் செய்யும் ஒருவன்